பத்திநாதர் மாஸ்டரின் ஒன்பதாம் விதி

அப்பாவும் நானும் கடைசியாகச் சேர்ந்து செய்த வேலை யன்னல்களுக்குப் பிளாஸ்டிக் ஒட்டியது. மொன்றியலில், செயின்ட்-மிஷேல் பகுதியில் நாங்கள் இருக்கும் வாடகை வீட்டின் யன்னல்கள் பழையவை. குளிர்காலம் முழுக்க விளிம்புகளால் காற்று வரும். ஒவ்வோர் ஒக்டோபரும் சட்டத்தைச் சுற்றி இருபக்கமும் ஒட்டும் நாடாவை ஒட்டி, மெல்லிய தாளை அதன்மேல் விரித்து, தலைமயிர் உலர்த்தும் கருவியால் சூடு காட்டுவோம். தாள் இறுகிக் கண்ணாடி போல நிற்கும். அப்பா நாடா ஒட்டுவார். நான் சூடு காட்டுவேன். கட்டடங்களில் வெப்பம் எங்கே கசிகிறது என்று அளப்பது என் தொழில். அதனால் இந்த ஒரு வேலையில் மட்டும் அவர் என் சொல் கேட்பார்.

அந்த முறை சமையலறை யன்னலின் மூலை சரிவரவில்லை. கழற்றி மறுபடி ஒட்டினோம். அவர் கதிரையில் ஏறி நின்றபடியே சொன்னார்: "வாற மாசக் கூட்டத்திலை ஒன்பதாம் விதியை எடுத்துப்போடவேணும். இனிப் பொறுக்கேலாது." நான் ஓம் என்றேன். நாடாவைக் கேட்டார். கொடுத்தேன்.

அந்தக் கிழமை முடியமுன், ஜான்-டலோன் சந்தைக்கு மரக்கறி வாங்கப் போகும் வழியில், பஸ்ஸில் உட்கார்ந்தபடியே இறந்துபோனார். இதயம். 2009 ஒக்டோபர். அறுபத்தாறு வயது.

அந்த விதியை விட்டுவிட்டு அப்பாவைப் பற்றி எழுத முடியாது. அது அவர் தன் கையால் எழுதியது.

ஊரில் அப்பா ஆசிரியர். மன்னாரில் ஒரு கத்தோலிக்கப் பாடசாலையில் உயர்தர வகுப்புக்குக் 'கிரேக்க உரோம நாகரிகம்' படிப்பித்தார். இலங்கையில் அப்படி ஒரு பாடம் தமிழில் உண்டு. அதிகம் பேர் எடுப்பதில்லை. வேறு பாடம் கிடைக்காதவர்கள் எடுப்பார்கள் என்று அம்மா பகிடி பண்ணுவாள். அவருடைய வகுப்பில் பேரரசர்கள் சோதனைக்கு மட்டும் வருவார்கள். அவருக்குப் பிடித்தவர்கள் சுமை தூக்கியவர்கள், துணி வெளுத்தவர்கள், அடுப்படியில் நின்ற அடிமைகள். அவர்கள் எப்படிச் சாப்பிட்டார்கள், எந்தத் தெய்வத்திடம் போனார்கள், செத்தால் யார் தூக்கினார்கள் என்று கேட்பார். கடைசிக் கேள்விக்குப் பதிலாக ஒரு கல்வெட்டைச் சொல்வார்.

அது உரோமுக்குத் தெற்கே லானுவியம் என்ற ஊரில் கிடைத்த கல்வெட்டு. கி.பி. இரண்டாம் நூற்றாண்டைச் சேர்ந்தது. ஏழைகளும் அடிமைகளும் சேர்ந்து, தியானா என்ற பெண் தெய்வத்தின் பெயரில் ஒரு சங்கம் வைத்திருந்தார்கள். மாதம் தோறும் கொஞ்சம் போடுவார்கள். குறித்த நாட்களில் சேர்ந்து விருந்து சாப்பிடுவார்கள். உறுப்பினர் ஒருவர் இறந்தால் சங்கம் அடக்கம் செய்யும். அந்த உலகத்தில் அடக்கம் இல்லாமல் கிடப்பதைவிடப் பெரிய பயம் இருக்கவில்லை என்பார் அப்பா. பணக்காரனுக்குப் பெருவழியோரம் கல்லறை. ஏழைக்கு ஊருக்கு வெளியே குழி. இடையில் இருந்தது இந்தச் சங்கம்தான்.

1993இல் நாங்கள் மொன்றியலுக்கு வந்தோம். அப்பா சந்தையில் ஓர் இத்தாலியரின் கடைக்குப் பெட்டி இறக்கினார். பிறகு ஒரு குளிர்களஞ்சியத்தில் வேலை செய்தார். இங்கு அவர் எதையும் படிப்பிக்கவில்லை. ஆனால் கோயிலில் எல்லோரும் பத்திநாதர் மாஸ்டர் என்றே கூப்பிட்டார்கள். அம்மா மாக்கிரட் பாக்-எக்ஸ்டென்ஷன் பகுதியில் ஒரு கார்டெறியில், சிறுபிள்ளைகள் காப்பகத்தில், சமைத்தாள்.

வந்த சில வருடங்களில் எங்கள் தமிழ்க் கத்தோலிக்கப் பங்கில் ஒரு மனிதர் செத்தார். அகதிக் கோரிக்கை நிலுவையில் இருந்தவர். இங்கு ஒரு சொந்தமும் இல்லை. பூசை முடிய வாசலில் ஒருவர் பிளாஸ்டிக் வாளியோடு நின்று சவப்பெட்டிக்குக் காசு சேர்த்தார். அந்த வாளியை அப்பாவால் தாங்க முடியவில்லை. அடுத்த ஞாயிறு கோயிலின் நிலவறையில் சங்கம் தொடங்கியது. கத்தோலிக்கர், சைவர், மன்னார், யாழ்ப்பாணம், மட்டக்களப்பு என்று எல்லோரும் இருந்தார்கள். 'கூட்டு அடக்க உதவிச் சங்கம்' என்று பெயர். அப்பா தலைவர். மன்னார் நீதிமன்றத்தில் எழுதுவினைஞராக இருந்த சவிரிமுத்து செயலாளர். விதிகள் எழுதும் வேலை அப்பாவிடம் வந்தது. அவர் புதிதாக ஒன்றும் எழுதவில்லை. லானுவியத்துக் கல்லை எடுத்து மொன்றியலுக்கு மாற்றினார்.

கல்லில், புதிதாகச் சேரும் உறுப்பினர் ஒரு சாடி நல்ல வைன் கொடுக்கவேண்டும். எங்கள் சங்கத்தில் ஒரு போத்தல். கல்லில், அடிமையாக இருந்து விடுதலை பெற்றவர் இன்னொரு சாடி கொடுக்கவேண்டும். எங்கள் சங்கத்தில், அகதிக் கோரிக்கை ஏற்கப்பட்டவர் ஒரு பெட்டி வைன் கொடுக்கவேண்டும். எல்லோருக்கும் பிடித்த விதி அது. யாருக்காவது கடிதம் வந்தால் முதலில், "பெட்டி எங்க?" என்றுதான் கேட்பார்கள். விருந்தில் தன் இடத்தை விட்டு எழும்பி இன்னொருவர் இடத்தில் இருந்து குழப்பம் பண்ணினால் கல்லில் குற்றப்பணம். எங்களிடம் சோறு ஆக்கிய கிடாரம் கழுவும் தண்டனை. அந்தோனியார் திருநாள் விருந்திலும் பொங்கல் விருந்திலும் யாராவது ஒருவர் கை மடித்துக் கழுவிக்கொண்டிருப்பார். ஊருக்கு அப்பால் இறந்தவரை அடக்க மூன்று பேரை அனுப்பவேண்டும் என்று கல் சொன்னது. எங்கள் ஆட்கள் ஒருமுறை வான் பிடித்து ஒன்ராறியோ வரை போனார்கள். முறைப்பாடு இருந்தால் பொதுக்கூட்டத்தில் சொல்லவேண்டும், விருந்தில் நிம்மதியாகச் சாப்பிடவேண்டும் என்பதும் கல்லில் இருந்தது. அதையும் எடுத்தார். பொதுக்கூட்டம் வருடத்துக்கு ஒன்று, நவம்பரில், மரித்தோர் திருநாளுக்குப் பிறகு. விதிகளை அங்குதான் மாற்றலாம்.

இன்னும் இரண்டு. எசமான் பிடிவாதமாக அடிமையின் உடலைத் தர மறுத்தால், சங்கம் அவனுடைய உருவத்தை வைத்துச் சடங்கு செய்யும். எங்கள் சங்கத்தில், உடல் கிடைக்காத உறுப்பினருக்கு என்று எழுதினார்; அது எட்டாவது. தன்னுயிரைத் தானே மாய்த்துக்கொண்டவருக்கு, காரணம் எதுவானாலும், சங்கம் அடக்கம் செய்யாது. அது ஒன்பதாவது.

எட்டையும் ஒன்பதையும் ஏன் எழுதினீர்கள் என்று பிறகு நான் கேட்டிருக்கிறேன். பழைய சான்று ஒன்றை எடுத்தால் முழுதாக எடுக்கவேண்டும் என்றார். பிடிக்காத வரியை விட்டுவிட்டு எழுதும் மாணவனுக்கு அவர் வகுப்பில் புள்ளி போடுவதில்லை. இது சான்று இல்லை, விதி, அதன்படி ஆட்கள் நடப்பார்கள் என்பது எழுதும்போது அவருக்குத் தோன்றவில்லை. மற்றவர்களுக்கும் அந்த வரி உறுத்தவில்லை. தற்கொலை செய்தவனை ஊரில் சேமக்காலை மதிலுக்கு வெளியே புதைத்ததைக் கண்ட கிழவர்கள் இருந்தார்கள். தலையாட்டினார்கள். சவிரிமுத்து தட்டச்சு செய்தார். பத்து வருடம் யாரும் அதை வாசிக்கவில்லை.

2006 ஜனவரியில் ஞானேந்திரன் இறந்தார்.

அவர் மட்டக்களப்புக்காரர். முப்பத்தெட்டு வயது. ஓர் உணவகத்தில் கோப்பை கழுவினார். விருந்துகளில் தண்டனை பெற்றவரோடு சேர்ந்து தானும் கிடாரம் கழுவுவார். "எனக்கு இது பழக்கம், நீங்க போய் இரிங்க" என்பார். கோரிக்கை நிராகரிக்கப்பட்டது. மேன்முறையீடும் தோற்றது. நாடு கடத்தும் திகதி வந்தது. தான் வாடகைக்கு இருந்த நிலவறை அறையில் தன் உயிரைத் தானே மாய்த்துக்கொண்டார். கூட இருந்த டிலான் என்ற பெடியன்தான் கண்டான். அவன்தான் எங்கள் வீட்டுக்குத் தொலைபேசி எடுத்தான்.

நிர்வாகக் குழு கூடியது. அப்பா தயங்கித் தயங்கி, ஏதாவது செய்யத்தான் வேணும் என்றார். சவிரிமுத்து கோவையை அவர் பக்கம் தள்ளினார்.

"விதி எழுதினது நீங்கள் மாஸ்டர். நீங்களே வாசியுங்கோ."

அப்பா வாசித்தார். சங்கம் ஞானேந்திரனை எடுக்காது என்று முடிவானது. வாக்கெடுப்புத் தேவைப்படவில்லை.

சவிரிமுத்து கல்நெஞ்சக்காரர் இல்லை. அவருக்கு ஒரு நியாயம் இருந்தது. சங்கத்தில் அரைவாசிப் பேர் நிராகரிப்புக் கடிதத்தைக் கையில் வைத்திருந்தவர்கள். தனி அறைகளில் இருந்தவர்கள். "கனபேர் விளிம்பிலை நிக்கினம், மாஸ்டர். செத்தாலும் சங்கம் மரியாதையா எடுக்கும் எண்டு தெரிஞ்சா ஒருத்தன் துணிஞ்சிடுவான். இந்த வேலியைப் பிடுங்காதேங்கோ" என்றார். அப்பா அதைப் பாதி நம்பினார் என்று நினைக்கிறேன்.

அம்மா நம்பவில்லை. அடுத்த நாள் காலை, வெங்காயம் வெட்டிக்கொண்டே கேட்டாள். அப்பா பாடம் ஆயத்தம் பண்ணுவதை இருபது வருடம் பக்கத்தில் இருந்து கேட்டவள் அவள்.

"உங்கட ஏதென்ஸ்காரர் என்ன சொன்னவை? வழியிலை அநாதைப் பிணம் கிடந்தா?"

"ஒரு பிடி மண்ணெண்டாலும் போட்டிட்டுத்தான் போகவேணும் எண்டு."

"ஆர் செத்தது, எப்படிச் செத்தது எண்டு கேட்டவையோ?"

ஏதென்ஸில் தற்கொலை செய்தவனின் கையை வெட்டி வேறாகப் புதைத்தார்கள் என்பதும் அப்பாவுக்குத் தெரியும். அதை அவர் அம்மாவிடம் சொல்லவில்லை.

அப்பாவே தனியாகப் போய் உடலைக் கேட்டிருக்கலாம். அது எங்களுக்கெல்லாம் தெரிந்தது. அவருக்கும் தெரிந்தது. தலைவரே சங்கத்தைச் சுற்றிக்கொண்டு போனால் சங்கம் உடைந்துவிடும் என்று பயந்தார். நேரம் இருக்கிறது என்றும் நம்பினார். இங்கு குளிர்காலத்தில் நிலம் உறைந்திருக்கும். உடல்களை வைத்திருந்து, பனி உருகிய பிறகு புதைப்பார்கள். நவம்பர்க் கூட்டம் வரை உடல் காத்திருக்காது என்பது அவருக்கு மெல்லத்தான் உறைத்தது. வசந்தத்தில் ஒரு காலை, வேலைக்குப் போகாமல் வீட்டில் நின்று, பிணவறை அலுவலகத்துக்கு எடுத்துக் கதை என்று என்னிடம் தொலைபேசியைத் தந்தார். அவருக்குப் பிரெஞ்சு போதாது. நான் கேட்டேன். மறுமுனையில் இருந்த பெண் மரியாதையாகப் பேசினாள். உரிமை கோர ஒருவரும் வரவில்லை, போன கிழமை பொது நிலத்தில் புதைத்தாயிற்று என்றாள். குழிக்கு ஓர் இலக்கம் தந்தாள்.

நான் மொழிபெயர்த்தேன். அப்பா சப்பாத்தைக் கழற்றி வைத்துவிட்டு அறைக்குள் போனார்.

அந்த ஞாயிறே அவரை அங்கு கூட்டிக்கொண்டு போனேன். நகரத்துக்கு வடக்கே, ஆற்றுக்கு அப்பால் ஒரு புல்வெளி. கல் இல்லை, சிலுவை இல்லை. தரையோடு சின்னச் சின்ன இலக்கத் தகடுகள். அப்பா குனிந்து மண்ணில் ஒரு பிடி எடுத்தார். புது மண்தான். போட்டார். "பிந்திப்போச்சு" என்றார். வேறு ஒன்றும் சொல்லவில்லை.

அதன் பிறகு அருளம்மாவின் தொலைபேசிகள் தொடங்கின. அவர் ஞானேந்திரனின் தாய். மகன் எப்போதோ அவசரத்துக்கு என்று எங்கள் இலக்கத்தைக் கொடுத்திருக்கிறார். நெஞ்சுவலியில் இறந்ததாக டிலான் அவருக்குச் சொல்லிவிட்டான். முதல் தடவை அவர் அழவில்லை. அடக்கத்துக்கு யார் யார் வந்தார்கள் என்று கேட்டார். அப்பா சுற்றி வளைத்து ஏதோ சொன்னார். தொலைபேசியை வைக்கப் போகும்போது கேட்டார்:

"மாஸ்டர், அவன்ட பேர் போட்ட கல்ல ஒரு படம் எடுத்து அனுப்புவீங்களா? கண்ணால பாத்தா மனம் ஆறும்."

"அனுப்புறன் அம்மா" என்றார் அப்பா.

கல் இல்லை. பெயர் இல்லை. ஆனால் சொல்லிவிட்டார். சொன்ன சொல்லைத் திருப்பி எடுக்கும் பழக்கம் அவருக்கு இருக்கவில்லை. கடைசி மூன்றரை வருடங்களை அப்பா அந்த ஒரு படத்துக்காகச் செலவழித்தார்.

என்னைக் கொண்டு சேமக்காலை அலுவலகத்தில் விசாரித்தார். பொது நிலத்தில் தனியாட்கள் கல் வைக்க முடியாது. பதிவு செய்யப்பட்ட சங்கம் ஒன்று பராமரிப்புக்குப் பொறுப்பேற்றால், புல்லோடு மட்டமாக ஒரு பெயர்த்தகடு பதிக்கலாம். எங்கள் சங்கம் பதிவு செய்யப்பட்டது. தலைவரும் செயலாளரும் கையெழுத்திடவேண்டும். ஒன்பதாம் விதி இருக்கும்வரை போடமாட்டேன் என்றார் சவிரிமுத்து. விதியை மாற்றுங்கள், அடுத்த நிமிடமே போடுகிறேன் என்றும் சொன்னார். அவர் அப்படிப்பட்டவர்.

2006 நவம்பரில் அப்பா பிரேரணை கொண்டுவந்தார். ஒரு மணி நேரம் பேசினார். உரோமர் ஏன் அந்த விதியை வைத்திருப்பார்கள் என்று விளக்கினார். உறுதியாக ஒருவருக்கும் தெரியாது. பொதுப் பணத்தைக் காப்பதற்காக இருக்கலாம். கடனிலும் அடியிலும் இருந்த அடிமைகள் நிறையப் பேர் அந்த வழியில் போயிருக்கலாம், சங்கத்தால் தாங்க முடியாமல் இருந்திருக்கலாம். எப்படியென்றாலும் அவர்களுக்கு அது பாவம் பற்றிய விதியாக இருந்திராது என்றார். ஆட்கள் மரியாதையாகக் கேட்டார்கள். பின்வரிசையில் ஒருவர், "மாஸ்டர், சோதனை எப்ப?" என்று கேட்க எல்லோரும் சிரித்தார்கள். அப்பாவும் சிரித்தார். பிரேரணை தோற்றது. அடுத்த வருடமும் தோற்றது. 2008இல் அவர் அதைக் கொண்டுவரவே இல்லை. வன்னியில் சண்டை நெருங்கிக்கொண்டிருந்தது. கூட்டத்தில் ஒருவருக்கும் இங்கே மனம் இல்லை.

அருளம்மா மாதத்தில் ஒரு ஞாயிறு தொலைபேசி எடுப்பார். படம் பற்றி நேரே கேட்பதில்லை. மழை பற்றி, மாடு கன்று போட்டது பற்றிச் சொல்லிவிட்டு, "அங்கால வேறென்ன, மாஸ்டர்?" என்பார். அப்பாவுக்கு அது விளங்கும். குளிர் அம்மா, பனி அம்மா என்பார். கோடையில் எடுத்தால் என்ன சொல்வது என்று தெரியாமல் தொலைபேசியை அம்மாவிடம் கொடுத்துவிடுவார். அம்மா ஒருமுறை அதை வாங்கவில்லை. தானே கதைக்கட்டும் என்று கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டாள்.

2009 மே மாதத்துக்குப் பிறகு சங்கத்தில் சாவு விழாத வீடு குறைவு. உடல் கிடைத்த வீடு ஒன்றுகூட இல்லை. எங்கே, எந்த நாள் என்பதுகூடத் தெரியவில்லை. யாரைக் கேட்பது என்றும் தெரியவில்லை. அப்பாதான் எட்டாம் விதியை எடுத்தார். உறுப்பினருக்கு என்று எழுதியதை உறுப்பினரின் இரத்த உறவுக்கும் என்று வாசிக்கலாம் என்றார். இந்தத் தடவை ஒருவரும் மறுக்கவில்லை. சவிரிமுத்துவும் மறுக்கவில்லை. யூலையில் கோயிலின் நிலவறையில் ஒரு பொதுச் சடங்கு என்று முடிவானது. படங்களைப் பெருப்பித்து நீள மேசையில் வைப்பது. பங்குச் சுவாமி பூசை வைப்பார். சைவக்காரர் விளக்கு வைத்துத் தேவாரம் பாடுவார்கள். பிறகு சேர்ந்து சாப்பாடு.

சடங்குக்கு முதல் நாள் பின்னேரம் சவிரிமுத்து எங்கள் வீட்டுக்கு வந்தார். கையில் கடித உறை. அவருடைய தங்கை, தங்கையின் கணவர், அவர்களின் மகள் ஜென்சி. மூன்று படங்கள். முதல் இரண்டையும் மேசையில் வைத்தார். மூன்றாவதைக் கையில் வைத்துக்கொண்டிருந்தார். பாடசாலை அடையாள அட்டையில் இருந்து எடுத்த படம். இரட்டைப் பின்னல்.

ஜென்சிக்குப் பத்தொன்பது வயது. இயக்கம் வீட்டுக்கு ஒரு பிள்ளை என்று பிடித்துக்கொண்டு போயிருந்தது. முகாமுக்கு உயிரோடு வந்து சேர்ந்த ஒருத்தி சவிரிமுத்துவின் மனைவிக்குச் சொல்லியிருக்கிறாள்: ஆமியிடம் பிடிபடமுன் பிள்ளை தன்னைத்தானே முடித்துக்கொண்டது. சவிரிமுத்து இதை யன்னலைப் பார்த்தபடி சொன்னார். பிறகு சொன்னார்:

"மாஸ்டர், ஒன்பதாம் விதிப்படி இவளை வைக்கேலாது."

அவர் மன்றாடவில்லை. உண்மையிலேயே கேட்டார். விதி என்ன சொல்கிறது என்று தலைவரிடம் கேட்க வந்த செயலாளராகத்தான் உட்கார்ந்திருந்தார். சட்டைக் கழுத்துப் பொத்தான்வரை பூட்டியிருந்தது.

அப்பா கையை நீட்டினார்.

"படத்தைத் தாங்கோ, சவிரி."

"விதி..."

"நாளைக்கு ஒருத்தரும் விதி வாசிக்கமாட்டினம். தாங்கோ."

கொடுத்தார். தேத்தண்ணி குடிக்காமல் போனார். சடங்கில் ஜென்சியின் படம் தாய்க்கும் தகப்பனுக்கும் நடுவில் இருந்தது. அவள் எப்படிச் செத்தாள் என்று அங்கே எங்கள் இரண்டு வீடுகளுக்கு மட்டும் தெரியும்.

ஞானேந்திரனுக்கும் கையெழுத்துப் போடுங்கள் என்று அந்தப் பின்னேரம் அப்பா கேட்டிருந்தால் சவிரிமுத்து போட்டிருப்பார். அப்பா கேட்கவில்லை. ஒரு மனிதனின் துக்கத்தை வைத்துப் பேரம் பேசக்கூடாது என்று நினைத்தார். அம்மா அதை ஒத்துக்கொண்டாள். ஆனால் சடங்கு முடிந்து வீட்டுக்கு வந்ததும் மற்றப் பக்கத்தைக் காட்டினாள். "சவிரியின்ரை மருமகளுக்கு வாசிக்காமல் விட்டியள். அந்தப் பெடியனுக்கு மட்டும் ஏன் வாசிச்சனீங்கள்? அவனுக்கு இஞ்சை மாமன் இல்லை எண்டோ?"

அப்பா அன்று சாப்பிடவில்லை. அந்தக் கோடை முழுக்க ஒழுங்காகச் சாப்பிடவில்லை. நித்திரையும் இல்லை. நெஞ்சு இறுக்கமாக இருக்கிறது என்று ஒருமுறை சொன்னார். வைத்தியரிடம் போகச் சொன்னோம். கூட்டம் முடியட்டும் என்றார். அருளம்மா எடுத்தபோது, கிறிஸ்துமஸுக்கு முன் படம் கட்டாயம் வரும் என்று சொல்லிவிட்டார். கூட்டத்தில் வெல்லுவோமா என்று தெரியாமல் ஏன் சொன்னீர்கள் என்று கேட்டேன். "சொல்லிப்போட்டன். இனி வெல்லத்தான் வேணும்" என்றார்.

அதன் பிறகுதான் யன்னலுக்குப் பிளாஸ்டிக் ஒட்டினோம்.

அப்பாவைச் சங்கம் அடக்கம் செய்தது. விதிப்படி எல்லாம் நடந்தது. ஆறு பேர் தூக்கினார்கள். மேற்குக் கோடியில் உள்ள டொலார்ட்-டெஸ்-ஓர்மோவில் இருந்துகூட ஆட்கள் வந்தார்கள். டிலான் வந்து கிடாரம் கழுவினான்.

நவம்பர்க் கூட்டத்துக்கு அம்மாவும் நானும் போனோம். தலைவர் கதிரை வெறுமையாக இருந்தது. நிகழ்ச்சி நிரலில் அப்பா எழுதிக் கொடுத்திருந்த பிரேரணை கடைசியாக இருந்தது. முன்மொழிந்தவர் இல்லை என்பதால் அது தானாக விழுந்துவிடும் என்று யாரோ சொன்னார். சவிரிமுத்து எழும்பினார். தான் முன்மொழிவதாகச் சொன்னார். ஒன்பதாம் விதியைச் சத்தமாக, ஒரு சொல் விடாமல் வாசித்தார். பிறகு கோவையை மூடினார்.

"யூலையிலை வைச்ச படங்களுக்குள்ளை என்ரை மருமகளும் இருந்தவள். அவள் இந்த விதிக்குள்ளை வாறவள். எனக்குத் தெரியும். மாஸ்டருக்கும் தெரியும். தெரிஞ்சுதான் வைச்சவர்." கோவையைக் கீழே வைத்தார். "வேலி எண்டு சொன்னது நான்தான். இது ஒருத்தரையும் உயிரோடை வைச்சிருக்கேல்லை. செத்தாப் பிறகுதான் வந்து மறிச்சது."

சவிரிமுத்துவின் மனைவி எழும்பி வெளியே போனாள். அம்மா பின்னாலே போனாள். கைகள் உயர்ந்தன. எல்லாக் கைகளும் இல்லை. போதுமானவை.

உப தலைவரும் சவிரிமுத்துவும் அன்றே கையெழுத்திட்டார்கள். அடுத்த நாள் காலையில் நான் சேமக்காலை அலுவலகத்துக்கு எடுத்தேன். கடிதம் போதும் என்றார்கள். ஆனால் பருவம் முடிந்துவிட்டது, தகடுகளை இனி மே மாதத்தில்தான் பதிப்பார்கள் என்றார்கள். ஏதாவது வழி உண்டா என்று கேட்டேன். நிலம் உறையத் தொடங்கிவிட்டது, மேடம் என்றாள் அங்கிருந்த பெண். நிலம் எந்த ஆழம் வரை உறையும் என்பது என் வேலையில் தினமும் பார்க்கும் எண். எனக்கு அதை விளக்கத் தேவையில்லை. இருந்தும் அவள் விளக்கி முடிக்கும்வரை கேட்டுக்கொண்டிருந்தேன்.

அந்த மாதக் கடைசி ஞாயிறு அருளம்மா எடுத்தார். நான்தான் கதைத்தேன். அப்பா இறந்துவிட்டார் என்று சொன்னேன்.

"நல்லா அடக்கினீங்களா, மகள்?"

"ஓம் அம்மா."

"ஆக்கள் வந்தாங்களா?"

"கனபேர் வந்தவை."

"அது போதும். நல்ல மனிசன்." பிறகு, கேட்கலாமா கூடாதா என்று யோசித்துக் கேட்பது போல மெல்லக் கேட்டார்: "என்ட மகன்ட படம் ஒண்டு அனுப்பிறன் எண்டவர். எடுத்து வச்சிட்டாரா தெரியுமா?"

இல்லை, எடுக்கவில்லை என்றேன்.